வேயாளுக்குத் தங்கை இல்லை

அருமனை
9-6-2024

பிளஸ்ஸி,

'கர்த்தருக்குள் அன்பான' என்று எழுதி அடித்திருக்கிறேன். மேலே தெரியும் கிறுக்கல் அதுதான். ஜனவரியில் உன் எண்ணைத் தடுத்து வைத்தேன், அதை எடுக்கப் போவதில்லை. போனில் பேசினால் நீ அழுவாய், நான் சொல்ல வந்ததை நிறுத்திவிடுவேன். சின்ன வயதிலிருந்து அப்படித்தான் நடக்கிறது. காகிதத்தில் நீ அழுதால் எனக்குத் தெரியாது.

உன் நாவல் 'நிழலுண்ணி'யை முழுவதும் படித்து முடித்தேன். தொள்ளாயிரத்துப் பன்னிரண்டு பக்கம், ஐந்து மாதம். முதல் பக்கத்தில் 'சிஜினுக்கு' என்று போட்டிருந்ததைப் பார்த்தபோது உன்னைக் கட்டிக்கொள்ள வேண்டும்போல இருந்தது. என் மகன் போய்ப் பத்து வருடம் கழித்து அவன் பெயரை அச்சில் போட ஒருத்தி இருக்கிறாளே என்று நினைத்தேன். புத்தகத்தைப் பக்கத்து வீட்டு ஓமனாவிடம் காட்டினேன். அவள் வாங்கிப் போய் என்னை முந்திப் படித்தாள். மூன்றாம் நாள் திருப்பித் தரும்போது, "ஜாஸ்பின், முப்பத்தொண்ணாம் அத்தியாயத்த மட்டும் நீ வாசிக்காண்டாம் கேட்டியா" என்றாள். வாசித்தேன். அன்றைக்குத்தான் உன் எண்ணைத் தடுத்தேன்.

வேயாள் என்று ஒரு அம்மா. அவள் மகனுக்குக் காய்ச்சல். துக்கத்தை வாங்கிக்கொள்ளும் நிழலுண்ணி மலையடிவாரத்தில் இருக்கிறது, அதனிடம் கொண்டுபோகிறாள். குணமாகிவிட்டது என்று ஊர்ச் சதுக்கத்தில் நின்று முழங்குகிறாள். மறுநாள் காய்ச்சல் திரும்பி வருகிறது. சொன்ன சொல் பொய்யாகிவிடுமே என்று கதவைச் சாத்திக்கொள்கிறாள். கதவுக்குள்ளேயே பையன் சாகிறான். அவன் இருந்திருந்தால் யுத்தமே நடந்திருக்காது என்று பிறகு அறுநூறு பக்கம்.

அரண்மனையும் மலையும் வைத்துவிட்டால் எனக்கு அடையாளம் தெரியாது என்று நினைத்தாயா?

குவைத்திலிருந்து பெபிஷா தினமும் வாசகர்கள் எழுதுவதை அனுப்புகிறாள். சித்தியின் புத்தகத்தைப் பற்றி எல்லோரும் பேசுகிறார்கள் என்று அவளுக்குப் பெருமை. தம்பி போனபோது அவளுக்குப் பன்னிரண்டு வயது. அவளுக்கு ஒன்றும் தெரியாது. நான் அவற்றை ஒரு நோட்டில் எழுதி வைக்கிறேன். சேலத்தில் ஒருவர்: 'நாவலின் உண்மையான அரக்கி வேயாள்தான், நிழலுண்ணி வெறும் பசி.' கோவில்பட்டிப் பெண் ஒருத்தி: 'இப்படிப்பட்ட தாயைக் கடைசி அத்தியாயம்வரை உயிரோடு விட்டதுதான் ஆசிரியரின் கொடூரம்.' இன்னொருவர் பெயர் போடவில்லை. அவருக்கு வேயாள் சாகும் விதம் போதவில்லையாம்.

இத்தனை பேர் என்னை விசாரித்துத் தீர்ப்பு எழுதியிருக்கிறார்கள். எனக்கு ஒரு சம்மன்கூட வரவில்லை.

ஜாஸ்பின்

*

வடசேரி
17-6-2024

அன்புள்ள அக்கா,

உன் கையெழுத்தை உறையில் பார்த்ததும் பிரிக்காமல் இரண்டு நாள் மேசையில் வைத்திருந்தேன். நான் அழுதேனா என்று நீ கேட்கவில்லை, நானும் சொல்லவில்லை.

வேயாள் நீ இல்லை. இதை எப்படிச் சொன்னாலும் எழுத்தாளர்கள் எல்லோரும் சொல்லும் சமாதானம் மாதிரித்தான் இருக்கும். ஆனாலும் சொல்கிறேன். அந்த நாவலில் நான் கேட்க விரும்பியது ஒரே ஒரு கேள்வி. துக்கத்தை ஒருவர் எடுத்துக்கொள்கிறேன் என்று சொன்னால், அவருக்கு நாம் எதைக் கொடுக்கிறோம்? நிழலுண்ணி பிடுங்குவதில்லை. மனிதர்கள் தாங்களாகவே கொண்டுபோய்க் கொடுக்கிறார்கள். வேயாள் கொடுத்தது தன் வாயால் சொன்ன சொல்லை. அந்த இடத்துக்கு எனக்குத் தெரிந்த ஒரு துயரம் தேவைப்பட்டது. எனக்குத் தெரிந்தது ஒன்றுதான்.

வாசகர்கள் சொல்வதைப் படிக்காதே, அக்கா. அவர்கள் ஒரு பாத்திரத்தைத் திட்டுகிறார்கள். முழுக்க இருட்டு, ஒரு ஜன்னல்கூட இல்லை என்று என்னையும்தான் திட்டுகிறார்கள். பெபிஷாவிடம் நான் பேசட்டுமா, அனுப்ப வேண்டாம் என்று?

சிஜினின் பெயரைப் போட்டது மட்டும் தப்பாக இருக்கலாம். அதைப் போடாமல் என்னால் அந்தப் புத்தகத்தை முடிக்க முடியவில்லை.

பிளஸ்ஸி

*

அருமனை
1-7-2024

பிளஸ்ஸி,

பெபிஷாவிடம் நீ ஒன்றும் பேச வேண்டாம்.

'எனக்குத் தெரிந்த ஒரு துயரம்' என்று எழுதியிருக்கிறாய். தெரிந்தது உனக்கு, நடந்தது எனக்கு. எது எப்படி நடந்தது என்று ஒருமுறை எழுதிப் பார்த்தேன். நீயும் படி.

2013 அக்டோபர். சபையில் மூன்று நாள் கன்வென்ஷன். உன் அத்தான் செல்வதாஸ் கமிட்டிச் செயலாளர். வியாழக்கிழமை சிஜினுக்குக் காய்ச்சல். வெள்ளிக்கிழமை கூட்டத்தில் வெளியூர் பிரசங்கியார் தலையில் கை வைத்து ஜெபித்தார். விடியும்போது காய்ச்சல் இல்லை. சனிக்கிழமை மைக் முன்னால் நின்று, என் மகனைக் கர்த்தர் சுகப்படுத்தினார் என்று நானே சாட்சி சொன்னேன். அறுநூறு பேர் அல்லேலூயா சொன்னார்கள். அப்படி ஒரு சத்தம் எனக்காக அதற்கு முன்பு எழும்பியது இல்லை. ஞாயிற்றுக்கிழமை காலையில் காய்ச்சல் திரும்பி வந்தது. கண் மஞ்சளாக இருந்தது. ஆஸ்பத்திரிக்குப் போகலாம் என்றேன். "நேத்து சாட்சி சொல்லிட்டு இன்னைக்கு ஆஸ்பத்திரி வாசல்ல நின்னா ஜனங்க என்ன நினைக்கும்? பிரசங்கியார் இன்னும் ஊர விட்டுப் போவல்ல" என்றார் செல்வதாஸ். நான் அவரை மீறவில்லை. எலிக்காய்ச்சல். திங்கட்கிழமை சாயங்காலம்தான் ஆஸ்பத்திரி. புதன்கிழமை எல்லாம் முடிந்தது.

அடக்கத்தில் வாசிப்பதற்கு வாழ்க்கைக் குறிப்பு வேண்டும் என்று போதகர் கேட்டார். எங்கள் யாருக்கும் பேனா பிடிக்கக் கை வரவில்லை. நீ எழுதினாய். 'காய்ச்சல் கண்டவுடனே மருத்துவமனைக்குக் கொண்டுசெல்லப்பட்டும் தேவசித்தத்தின்படி' என்று எழுதினாய். நான் கேட்டுக்கொண்டதால்தான் எழுதினாய், அதை நான் மறுக்கவில்லை. பெட்டியில் அவன் கிடக்க, அந்த வரியைச் சபைக் கோயிலில் எல்லோரும் எழுந்து நின்று கேட்டார்கள்.

எனக்காக ஒரு பொய் எழுதினாய். பத்து வருடம் கழித்து உனக்காக அதை அழித்து எழுதியிருக்கிறாய். இரண்டுமே நன்றாக எழுதப்பட்டிருக்கின்றன.

இரண்டாம் பதிப்பு வரப் போகிறதாமே. முப்பத்தொன்றாம் அத்தியாயத்தை எடுத்துவிடு. வேறு ஒன்றும் கேட்கவில்லை.

ஜாஸ்பின்

*

வடசேரி
22-7-2024

அன்புள்ள அக்கா,

எடுக்க முடியாது. இதைச் சுற்றி வளைக்காமல் சொல்லிவிட வேண்டும் என்று மூன்று தாள் கிழித்தேன். அந்த அத்தியாயத்தை எடுத்தால் பையன் ஏன் இல்லை, யுத்தம் ஏன் வந்தது, கடைசியில் அரசன் ஏன் தன் நிழலைத் திருப்பிக் கேட்கிறான், எதற்கும் காரணம் இருக்காது. ஒன்பது வருட உழைப்பு அது. என்னிடம் வேறு எதுவும் இல்லை, உனக்கே தெரியும்.

போன ஞாயிறு அஞ்சுகிராமத்தில் வாசகர் கூட்டம். உரக்கடை வைத்திருக்கும் நாராயணபெருமாள் என்பவர் தன் கடை மாடியில் மாதா மாதம் நடத்துகிறார். இருபது பேர் வந்திருந்தார்கள். உனக்கு ஆறுதலாக இருக்கும் என்று நினைத்து ஒன்று சொல்கிறேன். எல்லோரும் வேயாளைத் திட்டவில்லை. முனிசிபாலிட்டியில் வேலை பார்க்கும் ஒரு பெண் எழுந்து, "எனக்கு அவளப் பாத்தா பாவமா இருக்கு. ஊரே கை தட்டின பிறவு யாரு திரும்பிப் போவா?" என்றாள். இன்னொருவர், வேயாள் செய்ததைத்தான் அரசனும் செய்கிறான், அவனை ஏன் யாரும் அரக்கன் என்று சொல்வதில்லை என்று சண்டைக்கே வந்தார். புத்தகத்தின் தத்துவம் தலைக்கு மேல் போகிறது, நூறு பக்கத்துக்கு மேல் மலை மட்டும் பேசிக்கொண்டிருக்கிறது என்றும் ஒருவர் சொன்னார். எல்லோரும் சிரித்தார்கள், நானும் சிரித்தேன்.

கடைசியில் நாராயணபெருமாள் ஒரு கேள்வி கேட்டார். "எல்லாம் செரி. நம்ம பக்கத்துல ஒரு வீட்டுல பிள்ளைக்கு சொகமில்லன்னா எத்தன பேரு வந்து எட்டிப் பாப்பா? அந்தப் பொம்பளைக்கு மட்டும் மாப்பிள்ள இல்ல, அண்ணன் தம்பி இல்ல. ஒரு கூடப்பொறப்புகூடவா இல்லாம போச்சு?" அது வேறு உலகம், அங்கே மனிதர்கள் தனியாகத்தான் இருக்கிறார்கள் என்று ஏதோ சொல்லிச் சமாளித்தேன். அவர் தலையாட்டினார். ஒத்துக்கொண்ட மாதிரித் தெரியவில்லை.

இதை உனக்கு எழுத வேண்டாம் என்று நினைத்தேன். எழுதிவிட்டேன்.

பிளஸ்ஸி

*

அருமனை
11-8-2024

பிளஸ்ஸி,

அந்த உரக்கடைக்காரர்தான் உன் புத்தகத்தை ஒழுங்காகப் படித்திருக்கிறார்.

நானும் ஐந்து மாதம் படித்தேன், எனக்கு அது படவில்லை. குற்றம் சாட்டப்பட்டவளுக்குத் தன் பெயர் மட்டும்தான் கண்ணில் படும் போலிருக்கிறது. உன் கடிதம் வந்தபிறகு முப்பத்தொன்றை மறுபடியும் எடுத்து, இல்லாதவர்களைத் தேடிப் படித்தேன். போகக் கூடாது என்று சொன்ன கணவன் அங்கே இல்லை. தலையில் கை வைத்தவர் நிழலுண்ணியாகிவிட்டார், அதை யாரும் கேள்வி கேட்க முடியாது. அறுநூறு பேரும் 'கூட்டம்' என்ற ஒரே சொல்லாகிவிட்டார்கள். வேயாளை மட்டும் நடுவில் நிறுத்தியிருக்கிறாய்.

தங்கையும் இல்லை.

ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் பின்வாசலில் நின்று யாருக்குப் போன் செய்தேன்? நீ என்ன சொன்னாய்? எனக்கு ஒரு சொல்லும் மறக்கவில்லை. "அக்கா, நீ பயப்படாதே. பாராசிட்டமால் குடு. நாளைக்குக் காலையில எட்டு மணிக்கு நான் காரோட வாறேன். சிஜின் சித்தி வீட்டுக்கு லீவுக்குப் போறான்னு சொல்லிருவோம். நாகர்கோவில்ல காட்டினா சபையில ஒருத்தருக்கும் தெரியாது. ஒனக்க சாட்சியும் நிக்கும்." அது உன் யோசனை. எனக்கு அப்போது அது தேவதூதன் வந்து சொன்ன மாதிரி இருந்தது. பையில் அவனுடைய நான்கு சட்டைகளை எடுத்து வைத்தேன். திங்கட்கிழமை காலை ஏழு மணியிலிருந்து அவனைக் குளிப்பாட்டாமல், தலை மட்டும் சீவி, முன்னறையில் உட்கார வைத்திருந்தேன்.

நீ வந்தபோது மணி ஐந்து. அழகியமண்டபத்துக்குப் பக்கத்தில் மழையில் மரம் விழுந்து ரோடு அடைத்துவிட்டது என்றாய். மரம் விழுந்தது உன் குற்றம் இல்லை. அதை நான் ஒருநாளும் சொன்னதில்லை, இப்போதும் சொல்லவில்லை. பஸ்ஸில் அந்த வழியாகப் போகும்போதெல்லாம் வெட்டிய அடிமரம் எங்கேயாவது தெரிகிறதா என்று பார்ப்பேன். அவ்வளவுதான்.

ஆனால் காத்திரு என்று ஒருத்தி சொன்னாள். அவளை நம்பித்தான் அந்த அம்மா காத்திருந்தாள். அதை எழுதாமல் கதவைச் சாத்திக்கொண்டாள் என்று எழுதியிருக்கிறாய். என் கதவு அன்று முழுக்கத் திறந்துதான் கிடந்தது, உன் கார் வருகிறதா என்று பார்ப்பதற்காக.

அத்தியாயத்தை எடுக்க வேண்டாம். வேயாளுக்கு ஒரு தங்கையைக் கொடு.

ஜாஸ்பின்

*

வடசேரி
30-8-2024

அன்புள்ள அக்கா,

நீ கேட்டதை முயற்சி செய்து பார்த்தேன். பொய்யில்லை. பதினோரு பக்கம் எழுதினேன். தங்கை வந்ததும் வேயாள் சாதாரணப் பெண்ணாகிவிடுகிறாள். அவள் தனியாக நிற்பதால்தான் வாசகனுக்கு அவள் முன்னால் பயம் வருகிறது. இரண்டு பேர் இருந்தால் அது ஒரு குடும்ப விஷயம். பதிப்பாளரிடம் காட்டினேன். அவரும் அதையே சொன்னார்: "மேடம், இது காவியம். இங்க நாளைக்கு வரேன்னு சொல்ற தங்கச்சியெல்லாம் எதுக்கு?" அவருக்கு எதுவும் தெரியாது, ஏதோ ஒரு பேச்சுக்குச் சொன்னார்.

செப்டம்பர் கடைசியில் அச்சுக்குப் போகிறது. எதுவும் மாறாது. உன்னிடம் மறைக்க விரும்பவில்லை.

வேண்டுமானால் 'சிஜினுக்கு' என்பதை எடுத்துவிடுகிறேன். அதன்பிறகு ஊரில் யாரும் சேர்த்துப் பார்க்க முடியாது.

பிளஸ்ஸி

*

அருமனை
22-9-2024

பிளஸ்ஸி,

அவன் பெயர் இருக்கட்டும். தொள்ளாயிரத்துப் பன்னிரண்டு பக்கத்தில் நிஜமான சொல் அது ஒன்றுதான்.

உன் புத்தகத்தைப் பற்றி இவ்வளவு பேர் சொல்லிவிட்டார்கள், நானும் ஒரு வாசகியாகச் சொல்கிறேன். நிழலுண்ணி பேசும் இடங்கள் அருமையாக இருக்கின்றன. அது ஒருவரையும் ஏமாற்றவில்லை, கொடுப்பதை மட்டும் வாங்குகிறது, வாங்கியதை வாங்கினேன் என்று சொல்கிறது. நீ உன்னை அதில்தான் வைத்திருக்கிறாய் என்று முதலில் நினைத்தேன். இப்போது அப்படி நினைக்கவில்லை. அதற்கு உன்னைவிட நேர்மை இருக்கிறது.

அக்டோபர் பதினாறு, சிஜினின் நினைவு நாள். வழக்கம்போல வீட்டில் ஜெபம். போதகர் வருவார், சபையார் வருவார்கள். இந்த வருடம் அவனுடைய வாழ்க்கைக் குறிப்பைத் திருத்தி நானே வாசிக்கப் போகிறேன். உன் அத்தானிடம் சொன்னேன். "இனி அது எதுக்கு, செத்தவன் திரும்பி வருவானா?" என்றார். திரும்பி வரமாட்டான். ஆனால் அவனைப் பற்றி ஒரே ஒரு காகிதம்தான் கோயில் பதிவில் இருக்கிறது, அதில் அவன் எப்படிச் செத்தான் என்பது பொய்.

இதோடு அதன் பிரதி வைத்திருக்கிறேன். நான் செய்ததை எழுதியிருக்கிறேன். அவர் செய்ததை எழுதியிருக்கிறேன். நடுவில் மூன்று வரி காலியாக விட்டிருப்பதைப் பார். அது ஞாயிறு மத்தியானத்திலிருந்து திங்கள் மாலைவரை. அதை நான் எழுத மாட்டேன். அன்றைக்கு உனக்காக நான் வாயைத் திறக்கவில்லை, இன்றைக்கும் உனக்காகத் திறக்க மாட்டேன். நீ நிரப்பி அனுப்பினால் வாசிப்பேன். அனுப்பாவிட்டால் அந்த இடம் வரும்போது நிறுத்திவிட்டு, மூன்று வரி நேரம் சும்மா நிற்பேன்.

ஜாஸ்பின்

*

வடசேரி
7-10-2024

அக்கா,

நிரப்பி வைத்திருக்கிறேன். உன் பிரதியில் மூன்று வரி போதவில்லை, ஓரத்திலும் எழுதியிருக்கிறேன். தனித் தாளில் எழுதினால் நீ அதைப் பிரித்து எடுத்துவிடுவாயோ என்று பயம். உனக்குப் படிக்கக் கஷ்டமாக இருந்தால் இங்கே மறுபடியும்:

'ஞாயிறு மதியம் தாய் தன் தங்கைக்குப் போன் செய்தார். சபையாருக்குத் தெரியாமல் சிறுவனை நாகர்கோவிலுக்குக் கொண்டுபோகலாம், திங்கள் காலை எட்டு மணிக்கு வருகிறேன், அதுவரை பொறுத்திரு என்று தங்கை சொன்னார். திங்கள் காலை அவர் கல்லூரியில் ஒரு கருத்தரங்கு இருந்தது. அவருடைய கட்டுரை முதல் அமர்வில் வாசிக்கப்பட இருந்தது. பத்து மணிக்கு வாசித்துவிட்டுப் புறப்படலாம் என்று நினைத்தார். அமர்வைச் சாப்பாட்டுக்குப் பிறகு மாற்றினார்கள். அவர் எழுந்து வரவில்லை. இரண்டரை மணிக்கு வாசித்து, கைதட்டல் வாங்கி, அதன்பிறகு புறப்பட்டார்.'

அழகியமண்டபத்தில் மரம் எதுவும் விழவில்லை, அக்கா. அன்றைக்கு மழையும் பெரிதாக இல்லை.

வாசி. நான் வரமாட்டேன். வந்தால் அழுவேன், நீ நிறுத்திவிடுவாய்.

பிளஸ்ஸி

*

அருமனை
21-10-2024

பிளஸ்ஸி,

வாசித்தேன். நாற்பது பேர்போல இருந்தார்கள். முன்னறை கொள்ளாமல் முற்றத்தில் நாற்காலி போட்டோம்.

உன் வரிகளை நீ எழுதியபடியே வாசித்தேன், ஓரத்தில் இருந்ததையும் சேர்த்து. தாளை அட்டையில் ஒட்டி வைத்திருந்தேன். உன் அத்தான் எழுந்து பின்பக்கம் ரப்பர் ஷீட் காயும் இடத்தில் போய் நின்றுகொண்டார். போதகர் கண்ணை மூடியபடியே இருந்தார். முடித்ததும் ஒரு பாட்டு ஆரம்பித்தார். எல்லோருக்கும் அது சௌகரியமாக இருந்தது.

அதன்பிறகு டீ. நான் தட்டை எடுத்துக்கொண்டு நடந்தேன். உன் புத்தகத்துக்கு வாசகர்கள் சொன்னதை நோட்டில் எழுதினேன் அல்லவா, இதையும் எழுதியிருக்கிறேன். நேசம்மாள் என் கையைப் பிடித்து, "என்ன இருந்தாலும் பெத்தவளுக்கு ஒரு இது வேண்டாமா மக்கா" என்றாள். முற்றத்தில் யாரோ, "சாட்சி முக்கியமா பிள்ள முக்கியமா? இவளுக்குப் படிப்பு எதுக்கு?" என்றார்கள். என் முதுகுக்குப் பின்னால் சொன்னதாக நினைத்துச் சொன்னார்கள். செல்வதாஸ் பாவம், எப்படி இவளோடு இத்தனை வருடம் இருந்தார் என்று இன்னொருத்தி. ஓமனா மட்டும் டம்ளர்களைக் கழுவப் போனாள்.

காதைத் தீட்டிக்கொண்டு நடந்தேன். தங்கையைப் பற்றி ஒருவராவது ஒரு வார்த்தை சொல்வார்கள் என்று. எட்டு மணிக்கு வருகிறேன் என்றவளைப் பற்றி, கைதட்டலைப் பற்றி. போகும்போது ஒரே ஒரு ஆள் கேட்டார், உங்கள் தங்கை நாகர்கோவிலில் கல்லூரியில் இருக்கிறாரே, புத்தகமெல்லாம் எழுதுகிறாராமே, நல்லாயிருக்கிறாரா என்று. நல்லாயிருக்கிறாள் என்றேன்.

நேற்று பஸ்ஸில் மார்த்தாண்டத்திலிருந்து தக்கலை போனேன். அழகியமண்டபம் வந்ததும் தலை தானாகத் திரும்பியது. பதினோரு வருடப் பழக்கம்.

வேயாளுக்கு நீ தங்கையை எழுதாமல் விட்டது சரிதான், பிளஸ்ஸி. எழுதியிருந்தாலும் ஒருவரும் அவளைப் பார்த்திருக்க மாட்டார்கள்.

ஜாஸ்பின்